மார்லிஸின் ஐடஹோ விலாசம்

எங்கள் ஊர் கோர்வினில் பல்வலி வந்தாலும், ஆட்டம் எதில் வருகிறது என்று தெரியாவிட்டாலும் ஒரே எண்ணுக்குத்தான் போன் போடுவோம். எடுப்பவள் மார்லிஸ் குபிசெக். டாக்டர் நோவாட்னியின் பல் மருத்துவமனையில் வரவேற்பு மேசையில் உட்கார்ந்திருப்பவள். பல்வலிக்காரர்களைக் காத்திருக்கச் சொல்லிவிட்டு ஆட்டத்துக்காரர்களுக்கு முதலில் பதில் சொல்வாள். பல்வலிக்காரர்களும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். அந்தப் பதில் அவர்களுக்கும் வேண்டியதுதான்.

ஆட்டம் என்றால் எங்கள் கல்லூரிப் பெண்களின் கைப்பந்து. எங்கள் நெப்ராஸ்கா மாநிலத்துக்கே கைப்பந்துப் பைத்தியம், இதை விளக்க வேண்டியதில்லை. எங்கள் அணியின் பெயர் ஆலங்கட்டிகள். கல்லூரி தொடங்கிய வருஷம் விளைந்து நின்ற கோதுமையை ஆலங்கட்டி மழை அடித்துத் தரைமட்டமாக்கியதாம். அடித்தவன் பெயரையே பிள்ளைக்கு வைப்பது எங்கள் முன்னோர்களின் பெருந்தன்மை.

மார்லிஸும் அந்த அணியில் இருந்தவள். இருந்தாள் என்றால், பெஞ்சில் இருந்தாள். மூன்றாம் வருஷத்தில் ஒருநாள் முன்னணி ஆட்டக்காரிக்குக் கணுக்கால் பிசகிப்போக, சர்வீஸ் போட இவளை அனுப்பினார்கள். பந்து நேராக வலையில் போய் விழுந்தது. திரும்பி வந்து அதே பெஞ்சில், அதே சூட்டில் உட்கார்ந்தாள். "ஆனா நல்ல வேகம்" என்று இன்றைக்கும் சொல்வாள். அவள் கணவன் வெர்லின் தானியக் கிடங்கில் வேலை பார்க்கிறவன், அதிகம் பேசாதவன். அந்தப் பேச்சு வரும்போது மட்டும், "வலைக்குத்தான் தெரியும்" என்பான்.

முன்பெல்லாம் வீட்டுக் கூரையில் ஓர் ஆன்டெனா இருந்தால் போதும். உள்ளூர்ச் சேனலில் ஆட்டம் வரும். வர்ணனையாளர் டிராக்டர் கடைக்காரர். இடைவேளையில் டிராக்டர் விளம்பரமும் அவரே சொல்வார். பிறகு எங்கள் கல்லூரி ஒரு பெரிய லீகில் சேர்ந்தது. ரசிகர்களின் வசதிக்காக என்று அறிவித்தார்கள். அந்த அறிவிப்பைப் படித்த அன்றே, இனிமேல் ஆட்டம் பார்ப்பது கஷ்டம் என்று ஊருக்குப் புரிந்துவிட்டது.

லீக் ஆட்டங்களைக் கூறுபோட்டு விற்றது. செவ்வாய்க்கிழமை ஆட்டம் ஒரு செயலியில், வெள்ளிக்கிழமை ஆட்டம் இன்னொன்றில், ஞாயிறு ஆட்டம் லீகின் சொந்தச் சேனலில். அந்தச் சேனல் வேண்டுமென்றால் அதோடு சேர்த்துக் குதிரைப் பந்தயச் சேனலையும் சமையல் சேனலையும் வாங்க வேண்டும். வெளியூரில் ஆடினால் கணக்கு மாறும். எதிரணி கலிபோர்னியாக்காரர்கள் என்றால் மறுபடியும் மாறும். செயலிகளின் பெயர்கள் எங்கள் வாயில் நுழையவில்லை. வருஷத்துக்கு ஒருமுறை அவையும் பெயரை மாற்றிக்கொண்டன. அதனால் நீல ஆப், சிவப்பு ஆப், கழுகு ஆப் என்றே கூப்பிட்டோம்.

இதையெல்லாம் மனதில் வைத்திருந்தது மார்லிஸ் ஒருத்திதான். யாரும் அவளை நியமிக்கவில்லை. ஒருநாள் ஓர்வில் ஸ்டாக் என்ற கிழவர், பல் செட்டைச் சரிசெய்ய நேரம் கேட்டுப் போன் செய்தவர், பேச்சுவாக்கில் இன்றைக்கு ஆட்டம் எதில் என்று கேட்டார். அவள் சொன்னாள். அவர் அதைக் காப்பிக் கடையில் போய்ச் சொன்னார். அவ்வளவுதான். அடுத்த வாரத்திலிருந்து மருத்துவமனைப் போன் ஓயவில்லை. நாற்காலியில் வாயைத் திறந்துகொண்டு படுத்திருப்பவர்கள்கூட "ங்ஆ... ங்ஊ?" என்பார்கள். டாக்டர் நோவாட்னி ஊசியைக் கையில் பிடித்தபடி முன்அறையை எட்டிப் பார்ப்பார்.

"மார்லிஸ், இன்னிக்கு நீலமா சிவப்பான்னு கேக்குறார்."

"செவப்பு டாக்டர். ஆனா இவருக்கு வராது. உள்ளூர்க்காரர்."

அதுதான் சங்கதி. சிவப்புச் செயலிக்கு ஒரு விதி உண்டு. எங்கள் அரங்கில் நடக்கும் ஆட்டத்தை எங்கள் ஊரில் காட்டாது. திரையில் ஓர் அறிவிப்பு வரும்: 'இந்த ஆட்டம் உங்கள் பகுதியிலேயே நடைபெறுகிறது. அரங்குக்கு வந்து கண்டு களியுங்கள்.' வரத்தான் ஆசை. ஆனால் அரங்கின் இருக்கைகள் எங்கள் ஊரில் நிலபுலன் மாதிரி. அப்பன் செத்தால் பிள்ளைக்கு வரும். விவாகரத்து வழக்குகளில் வீட்டை விட்டுக்கொடுத்தவர்கள் உண்டு, இருக்கையை விட்டுக்கொடுத்தவர்கள் இல்லை. ஓர்வில் காத்திருப்போர் வரிசையில் தம்பதியாகப் பெயர் கொடுத்தவர். இப்போது ஒற்றையாளாகக் காத்திருக்கிறார்.

மார்லிஸின் சமையலறை ஜன்னலிலிருந்து பார்த்தால் அரங்கின் கூரை தெரியும். ஆட்டம் நடக்கும்போது வெர்லின் சொல்வான்:

"ஜன்னலத் தொற. சத்தத்த வெச்சு யாரு பாயிண்ட்டுன்னு சொல்லிரலாம்."

"குளிருதே."

"ஆட்டம் பாக்கணும்னா குளிரத்தான் செய்யும்."

அப்படி ஜன்னலைத் திறந்து வைத்துக்கொண்டு கோட்டும் குல்லாயும் போட்டு மேசையைச் சுற்றி உட்கார்ந்து, எட்டிப் பிடிக்கும் தூரத்தில் நடக்கும் ஆட்டத்தைக் காதால் பார்ப்பார்கள்.

அந்த வருஷம் நவம்பரில் நன்றி நாள் பண்டிகை விருந்துக்கு மார்லிஸின் அக்கா அர்டிஸ் வந்தாள். ஐடஹோ மாநிலத்தில் டைலர் ஃபோர்க் என்ற சின்ன ஊரில் செம்மறியாடு வளர்க்கிறவள். விளையாட்டு என்றாலே ஆகாது. ஆடுகள் ஓடுவதைத் தினமும் பார்க்கிறேன், மனுஷர்கள் ஓடுவதை வேறு எதற்குப் பார்ப்பது என்பாள். தொலைக்காட்சியில் அந்தச் சிவப்பு அறிவிப்பைப் பார்த்துவிட்டு மார்லிஸ் வான்கோழியை வெட்டிய வெட்டு அவளுக்குச் சகிக்கவில்லை. தன் போனை எடுத்தாள்.

"ஏண்டி, இந்தச் செவப்பு ஆப்பு ஆட்டு மருந்து வாங்கினப்ப எனக்கு இலவசமாக் குடுத்தான். இதுலயா பாரு."

திறந்தார்கள். ஆட்டம் பளிச்சென்று ஓடியது. கூரை தெரியும் தூரத்தில் இருக்கும் அதே அரங்கு, அதே பெண்கள். அந்தச் செயலி ஆள் எங்கே உட்கார்ந்திருக்கிறார் என்று பார்ப்பதில்லை. கணக்கில் எழுதியிருக்கும் விலாசத்தைத்தான் நம்புகிறது. அர்டிஸின் விலாசம் ஐடஹோ. அதனால் அர்டிஸ், மார்லிஸின் சமையலறையில் உட்கார்ந்திருந்தாலும், ஐடஹோவில்தான் இருக்கிறாள்.

மார்லிஸ் வான்கோழியை அப்படியே விட்டுவிட்டுத் தன் கணக்கைத் திறந்து விலாசத்தை மாற்றினாள்.

"உன் விலாசத்தப் போட்டுக்கறேன். உனக்கு ஒண்ணும் இல்லையே?"

"என் விலாசத்துக்கு ஆட்டுச்சந்தைக் காகிதத்தத் தவிர ஒண்ணும் வர்றதில்ல. போட்டுக்கோ."

மார்லிஸ் இதை யாரிடமும் சொல்லக்கூடாது என்று வெர்லினிடம் சொன்னாள். பேசாத வெர்லின் ஓர்விலிடம் பேசினான். ஓர்வில் காப்பிக் கடையில் பேசினார். மறுவருஷம் ஆட்டக்காலம் தொடங்கியபோது பாதிரியார், தபால்காரி, காவல் அதிகாரி, ஈமச்சடங்கு நடத்துபவர், தேவாலயப் பாடகர் குழு மொத்தமும் டைலர் ஃபோர்க்கில், அர்டிஸின் இரண்டு அறை வீட்டில் குடியிருந்தார்கள். கல்லூரிக் கணக்குப் பிரிவில் பாதிப் பேரும் அங்கேதான். உள்ளூரில் விலாசம் வைத்திருந்தவர்களைப் பார்த்தால் எங்களுக்குப் பாவமாக இருந்தது. பாதிரியாருக்கு மட்டும் கொஞ்சம் உறுத்தல் இருந்தது. நம்முடைய குடியுரிமை இந்த உலகத்தது அல்ல என்று வேதத்தில் இருக்கிறதே என்று யாரோ எடுத்துக்கொடுத்தார்கள். தேறிவிட்டார்.

முதல் சிக்கல் பார்சலாக வந்தது. சிவப்புச் செயலி தன் உண்மையான ரசிகர்களுக்கு அன்பளிப்பு அனுப்பத் தொடங்கியது: ஆலங்கட்டி உருவத்தில், தலையைவிடப் பெரிய ஸ்பாஞ்ச் தொப்பி. கணக்குக்கு ஒன்று. அர்டிஸ் மருத்துவமனைக்கே போன் போட்டாள்.

"மார்லிஸ், ஒரு லாரி தொப்பி வந்து எறங்கியிருக்குடி."

"அய்யய்யோ."

"கொட்டகையில இடமில்ல. ஆட்டுக்கெல்லாம் மாட்டிவிட்டேன். வெள்ளை மேல வெள்ளை, எது தல எது ஒடம்புன்னு நாய்க்கே தெரியல. இன்னும் எத்தன பேரு என் வீட்ல குடியிருக்கீங்க?"

"ஒரு... கொஞ்சம் பேரு."

"வாடகை குடுக்கவேணாம். சேதி சொல்லிட்டாவது வாங்கடி."

இரண்டாவது சிக்கல் கல்லூரியிலிருந்து வந்தது. அங்கே பிரெஸ்டன் ஹேல் என்று ஒருவர் புதிதாக வந்திருந்தார். ரசிகர் அனுபவத் துறையின் துணைத் தலைவர். தலைவர் என்று யாரும் இல்லை. நல்ல மனிதர்தான், எல்லாரையும் பெயர் சொல்லிக் கூப்பிடுவார், பெரும்பாலும் வேறு ஒருவர் பெயராக இருக்கும். அவர் செயலியின் புள்ளிவிவரங்களை வாங்கிப் பார்த்து ஓர் உண்மையைக் கண்டுபிடித்தார். ஆலங்கட்டிகளின் மிகத் தீவிரமான ரசிகர்கள் ஐடஹோவில், டைலர் ஃபோர்க்கில் இருக்கிறார்கள். கோர்வினிலோ ஆட்டத்தைப் பார்ப்பவர்கள் ஏறக்குறைய யாருமில்லை. ஆகவே அணி ரசிகர்களைத் தேடிப் போக வேண்டும். இந்த ஆண்டின் கடைசி உள்ளூர் ஆட்டம் டைலர் ஃபோர்க் சந்தை மைதானத்தின் உள்ளரங்கில் நடக்கும் என்று அறிவித்தார்.

அன்று காப்பிக் கடையில் எல்லாரும் மார்லிஸையே பார்த்தார்கள், அவள்தான் போய் எங்களையெல்லாம் திருப்பிக் கூட்டிக்கொண்டு வர வேண்டும் என்பதுபோல.

போனாள். கல்லூரியில் 'ரசிகர் உரையாடல்' என்று ஒரு கூட்டம் வைத்திருந்தார்கள். மார்லிஸ் நல்ல கோட்டைப் போட்டுக்கொண்டு முன்வரிசையில் உட்கார்ந்து, கேள்வி நேரத்தில் எழுந்தாள். அன்று பெஞ்சிலிருந்து சர்வீஸ் போட எழுந்ததுபோல.

"மிஸ்டர் ஹேல், அந்த ஐடஹோக்காரங்க நாங்கதான்."

பிரெஸ்டன் ஹேலின் முகம் மலர்ந்தது. "அழகாச் சொன்னீங்க, மாரியன். நாம எல்லாருமே ஒரு குடும்பம்."

"அது இல்லீங்க. நெசமாவே நாங்கதான். உள்ளூர்ல படம் காட்ட மாட்டேங்குறான். அதனால எங்கக்கா விலாசத்தப் போட்டுக்கிட்டோம். அந்த ஊர்ல எங்கக்காவும் ஆடுங்களும்தான் இருக்கு."

அவர் கனிவாகக் கேட்டார்: "அப்படின்னா கோர்வின்ல பாக்குறவங்க எண்ணிக்கை பூஜ்யமா இருக்கணுமே?"

"ஆமா. பூஜ்யம்தான் இருக்கும்."

"அதையேதான் எங்க ஆய்வும் சொல்லுது. உள்ளூர்ல ஆர்வம் கொறைஞ்சுபோச்சு. வருத்தமா இருக்கு, ஆனா உண்மைய ஒத்துக்கணும் இல்லையா? நீங்க எங்கக்கான்னு சொன்னீங்களே, அவங்க வருவாங்களா ஆட்டத்துக்கு?"

"அவளுக்கு வெளையாட்டே பிடிக்காது."

"அவங்க விலாசத்துலதான் எங்க ரசிகர்கள் அதிகம்" என்றார் பிரெஸ்டன், கையிலிருந்த தாளைப் பார்த்து. "அவங்களுக்குக் கௌரவ இருக்கை ஒண்ணு ஒதுக்கியிருக்கோம்."

பின்வரிசையில் கல்லூரிக் கணக்குப் பிரிவுக்காரர்கள் இருந்தார்கள். ஒருவராவது எழுந்து நானும்தான் என்று சொல்வார்கள் என்று மார்லிஸ் திரும்பிப் பார்த்தாள். அவர்கள் எல்லாரும் கூரையில் எதையோ ஆராய்ந்துகொண்டிருந்தார்கள்.

ஆட்ட நாளன்று, சனிக்கிழமை மதியம், ஊர் முழுக்கத் தேவாலயக் கூடத்தில் கூடியது. பெரிய திரை. வழக்கம்போல ஒரு பாத்திரம் நிறைய சில்லி என்கிற காரமான பீன்ஸ் குழம்பு, தொட்டுக்கொள்ள லவங்கப்பட்டைச் சுருள் ரொட்டி. ஒருவகையில் நல்லதுதான் என்று பேசிக்கொண்டோம். ஆட்டம் ஐடஹோவில் நடந்தால் கோர்வினில் தடையிருக்காது, மனசாட்சியோடு பார்க்கலாம். பாதிரியார்தான் அதிகச் சந்தோஷமாக இருந்தார். ரிமோட்டை அவர் கையிலேயே கொடுத்தார்கள். அழுத்தினார்.

'இந்த ஆட்டம் உங்கள் பகுதியிலேயே நடைபெறுகிறது. அரங்குக்கு வந்து கண்டு களியுங்கள்.'

நாங்கள் எல்லாரும் டைலர் ஃபோர்க்வாசிகள் என்பது அப்போதுதான் உறைத்தது.

"விலாசத்த மாத்து" என்றார் காவல் அதிகாரி.

"ஒரு தடவ மாத்துனா ஒரு வருஷத்துக்கு மாத்த முடியாது" என்றாள் மார்லிஸ். "எல்லாரும் மாத்தியாச்சு."

"யாராச்சும் ஒருத்தராவது சொந்த ஊர்ல குடியிருக்கீங்களா?" என்று பாதிரியார் கேட்டார். ஒரு கையும் உயரவில்லை.

ஓர்வில் தொண்டையைச் செருமினார். "மார்லிஸ், உங்கக்காவுக்குக் கௌரவ இருக்கை குடுத்தாங்கன்னியே. போனாளா?"

மார்லிஸ் போன் போட்டாள். இரைச்சலுக்கு நடுவே அர்டிஸின் குரல் வந்தது. "போனேன்டி. இலவசமாச் சாப்பாடு குடுத்தாங்க. மொதல் வரிசையில உக்காந்திருக்கேன். பக்கத்துல கோட்டுப் போட்ட ஒருத்தர், காலி நாற்காலியெல்லாம் பாத்துப் பாத்து வேர்த்துக்கிட்டிருக்கார்."

"அர்டிஸ், அங்க நடக்கறத அப்படியே சொல்லு. ஊரே கேக்குது."

போனை மைக்குக்கு முன்னால் வைத்தார்கள்.

"உங்க பொண்ணுங்க எது?"

"வெள்ளச் சட்டை."

"சரி. ஒருத்தி பந்த மேல போட்டு ஓங்கி அறைஞ்சா. அந்தப் பக்கத்துக்காரி குறுக்க விழுந்து எடுத்துட்டா. பாவம், முட்டி செராய்ச்சிருக்கும். இப்ப இந்தப் பக்கம். அறையறா. விழுந்துருச்சு. உங்களுக்குத்தான்னு நெனைக்கிறேன், கட்டிப்பிடிச்சுக்கறாங்க."

கூடம் ஆரவாரித்தது.

"மார்லிஸ், உங்க பக்கம் ஒருத்தி மட்டும் வேற கலர் சட்டை போட்டிருக்காளே. தொவைக்க மறந்துட்டாளா?"

"அவ லிபெரோ. தடுப்பாட்டக்காரி. அவ சட்டை அப்படித்தான்."

"அப்பச் சரி. நல்ல பொண்ணு. ஓயாம விழுந்துகிட்டே இருக்கா. எங்க நாய் மாதிரி ஒரு எடம் விடாம ஓடறா."

முதல் சுற்று முடிவதற்குள் அர்டிஸ் கேள்வி கேட்பதை நிறுத்திவிட்டாள். இரண்டாவது சுற்றில் நடுவரின் கண்பார்வையைப் பற்றிப் பேச ஆரம்பித்தாள். மூன்றாவதில் நடுவரின் குடும்பத்தைப் பற்றி. பாதிரியார் சிறுவர்களை வெளியே போய் விளையாடச் சொன்னார், யாரும் போகவில்லை. ஓர்வில் கண்ணை மூடிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். ஒவ்வொரு தடவையும் அர்டிஸ் "மேல போட்டா" என்று சொல்லும்போது அவர் முகம் மேலே போய், "அறைஞ்சா" என்னும்போது கீழே வரும்.

ஐந்தாவது சுற்று, கடைசிப் பாயிண்ட்டுகள். அர்டிஸ் சொல்வதை நிறுத்திவிட்டாள். கத்தல் மட்டும் வந்தது. பிறகு நாற்காலி விழும் சத்தம். பிறகு போன் தரையில் விழுந்து உருளும் சத்தம். பிறகு பிரெஸ்டன் ஹேலின் குரல், தூரத்திலிருந்து: "அம்மா, தயவுசெஞ்சு உக்காருங்க, அது நடுவரோட விசில்."

"அர்டிஸ்!" என்று மார்லிஸ் கூப்பிட்டாள். "யாரு ஜெயிச்சா? அடியே, அர்டிஸ்!"

ஊரே மூச்சைப் பிடித்துக்கொண்டு ஒரு போனைச் சுற்றி நின்றது. சில்லிப் பாத்திரம் அடிப்பிடிக்கிற வாசனை வந்தது, யாரும் நகரவில்லை. வெகுநேரம் கழித்து மூச்சிரைக்க அந்தக் குரல் வந்தது.

"மார்லிஸ், நாம ஜெயிச்சுட்டோம்டி. அந்த வேற சட்டைக்காரிதான் கடைசிப் பந்த எடுத்தா. நான் போய் அவளுக்கு ஒரு தொப்பி குடுத்துட்டு வந்தேன்."

வெர்லின் எழுந்து கைதட்டினான். அவன் கைதட்டி நான் பார்த்தது அன்றுதான். மார்லிஸ் மேசையில் தலையைக் கவிழ்த்து அழுதாள். அர்டிஸ் 'நாம' என்று சொன்னதுதான் காரணம் என்று பிறகு என்னிடம் சொன்னாள். சின்ன வயதிலிருந்து ஒருதடவைகூட இவள் ஆட்டத்தைப் பார்க்க வராதவள்.

பிரெஸ்டன் ஹேல் அந்த ஆட்டத்தைப் பற்றி அறிக்கை எழுதினார். வந்தவர்கள் குறைவுதான், ஆனால் தலைக்கு இத்தனை ஆரவாரம் என்று கணக்கிட்டால் அது கல்லூரி வரலாற்றிலேயே அதிகமாம். அர்டிஸ் ஒருத்தியே சராசரியைத் தூக்கிவிட்டாள். அந்த அறிக்கையைப் பார்த்து இன்னும் பெரிய பல்கலைக்கழகம் ஒன்று அவரை அழைத்துக்கொண்டது. போகும்போது ஒரு நல்ல காரியம் செய்தார். ரசிகர்களுக்காக ஓர் உதவித் தொலைபேசி திறந்து, கூட்டத்தில் தைரியமாகப் பேசிய அந்த மாரியனை அதில் வேலைக்கு அமர்த்தும்படி எழுதிவைத்தார்.

மார்லிஸ் சேர்ந்தாள். இத்தனை நாள் வேறு ஒருவரின் போனில் செய்ததைத் தன் போனிலேயே செய்யலாம் என்று நினைத்தாள். முதல் நாள் ஒரு பயிற்சி கொடுத்தார்கள். யார் என்ன கேட்டாலும் சொல்ல வேண்டிய வாசகம் ஒன்றுதான்: 'தங்கள் ஆர்வத்துக்கு நன்றி. தங்கள் பகுதியின் ஒளிபரப்பு விவரங்களைச் சரிபார்த்துக்கொள்ளவும்.' ஆட்டம் எதில் வருகிறது என்று மட்டும் சொல்லக்கூடாது. சொன்னால் மற்ற செயலிகள் வழக்குப் போடும்.

அந்த வாரம் கூப்பிட்டவர்கள் எல்லாம் தெரிந்தவர்கள். அந்த வாசகத்தைக் கேட்டுவிட்டு, "மார்லிஸ், ஒனக்கு ஒடம்பு சரியில்லையா?" என்று விசாரித்தார்கள். ஓர்வில் பதறிப்போய் வீட்டுக்கே சூப் கொண்டுவந்து கொடுத்தார்.

வெள்ளிக்கிழமை ஓர் அழைப்பு வந்தது. தயங்கித் தயங்கிப் பேசிய குரலை மார்லிஸ் உடனே அடையாளம் கண்டுகொண்டாள். கல்லூரித் தலைவரின் மனைவி.

"பேரு சொல்லவேணாமில்ல? ஒரு சின்ன சந்தேகம். எங்க வீட்டுக்காரருக்கு அரங்குல இருக்கை இருக்கு. எனக்கு வீட்ல செருப்பக் கழட்டிப் போட்டுட்டுப் பாத்தாத்தான் திருப்தி. அதனால நான் வந்து... ஐடஹோன்னு ஒரு விலாசம் போட்டிருந்தேன். இப்ப அந்த விலாசத்துல ஆளுங்க அதிகம்னு நிறுத்திட்டாங்க. என்ன செய்யலாம்?"

மார்லிஸ் எதிரில் ஒட்டியிருந்த வாசகத்தைப் பார்த்தாள். இந்த அழைப்பு பதிவாகிறது என்று எரியும் சிறு விளக்கையும் பார்த்தாள். திங்கட்கிழமை டாக்டர் நோவாட்னியிடம் திரும்பிப் போய்விடலாம். அவர் அந்த நாற்காலிக்கு இன்னும் ஆள் எடுக்கவில்லை, போன் அடித்துக்கொண்டே இருக்கிறது என்று நேற்றுத்தான் புலம்பினார். வாசகத்தைப் பிய்த்து மடித்துக் கோட்டுப்பையில் வைத்துக்கொண்டாள்.

"கவலப்படாதீங்க மேடம்" என்றாள். "வயோமிங் மாநிலத்துல ஒங்களுக்கு யாராச்சும் சொந்தக்காரங்க இருக்காங்களா?"